இறங்க வேண்டாம் என்று சொல்ல வைத்த படம்

தோழர் திவ்யபாரதிக்கு,

மலக்குழியில் இறங்கும் தொழிலாளர்களை வைத்து நீங்கள் எடுத்த ‘கக்கூஸ்’ ஆவணப்படத்தின் கலையைப் பற்றி மற்றவர்கள் எழுதட்டும். எங்கள் குடியிருப்பின் செப்டிக் டேங்கில் ஒரு ஆள் இறங்காமல் போனதற்காக இந்தக் கடிதம்.

மலக்குழியில் பாதுகாப்பில்லாமல் ஆளை இறக்கினால் முதல் முறைக்கே 2 ஆண்டு வரை சிறை அல்லது 2 லட்சம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் என்கிறது, கையால் மலம் அள்ளுவதைத் தடைசெய்யும் 2013-ஆம் ஆண்டுச் சட்டம். 1993 முதல் குழிக்குள் இறந்த ஒவ்வொருவரின் குடும்பத்துக்கும் 10 லட்சம் கொடுக்கச் சொன்னது உச்ச நீதிமன்றம், 2014-இல். ஆனாலும் ‘இங்கே மலம் அள்ளுபவர் யாரும் இல்லை’ என்பதுதான் அதிகாரிகளின் வாடிக்கையான பதில். அந்தப் பதிலை நீங்கள் கேமராவோடு ஊர் ஊராகப் போய்ச் சரிபார்த்தீர்கள்.

மலக்குழிச் சாவு நாளிதழில் நாலு வரியில் முடிந்துவிடும். இறந்தவரின் பெயர், வயது, எந்த அரசு மருத்துவமனை, அவ்வளவுதான். இறக்கிவிட்டவர் யார், ஒப்பந்ததாரர் யார் என்று பெரும்பாலும் இருக்காது. நீங்கள் இறந்தவர்களின் வீட்டாரைப் பேசவிட்டீர்கள். கையுறை இல்லாத கைகளைக் காட்டினீர்கள். இந்த வேலைக்கு ஏன் குறிப்பிட்ட சாதிக்காரர்களே வருகிறார்கள் என்று கேட்டீர்கள். அங்கேதான் பலருக்கு உறுத்தியது. (மதுரையில் ஆர்.பி. அமுதன் 2003-இலேயே இதே பிரச்சினையை வைத்து ‘பீ’ என்ற ஆவணப்படத்தை எடுத்தவர். அவருக்கும் ஒரு வணக்கம்.)

2017-இல் படத்தைத் திரையிட விடாமல் காவல்துறை தடுத்தது. யூடியூபில் ஏற்றினீர்கள். அரங்கத்தில் நூறு பேர் பார்த்திருக்க வேண்டிய படம் எங்கள் வீட்டுக்குள்ளேயே வந்துவிட்டது. அதற்காக நீங்கள் வாங்கிக் கட்டிக்கொண்ட வசவும் மிரட்டலும், அந்த ஜூலையில் பழைய வழக்கொன்றில் நடந்த கைதும் எங்களுக்குத் தெரியும்.

சென்ற ஆண்டு எங்கள் அடுக்ககத்துக்குக் கழிவுநீர் லாரி வந்தது. குழாய் உறிஞ்சியதுபோக அடியில் மண்டி தங்கிவிட்டது. உதவியாள் சட்டையைக் கழற்றி மதில்மேல் போட்டார். “வாடையே இல்ல சார், ஒண்ணும் ஆகாது” என்றார் குடியிருப்போர் சங்கத்துக்காரர். ஹைட்ரஜன் சல்ஃபைடு அளவு மிஞ்சினால் மூக்கு மரத்துப்போகும். வாடை தெரியாமல் போவதுதான் ஆபத்தே. உங்கள் படம் நினைவுக்கு வர, குறுக்கே போய் நின்றேன். சட்டத்தைச் சொன்னதும் எல்லோரும் அடங்கினார்கள். உதவியாளின் முகம்தான் சுருங்கிப்போயிற்று. இறங்கினால் தனியாக 500 ரூபாயாம். உயிரைக் காப்பாற்றிவிட்டதாக நான் நினைக்க, ‘கூலியில் கைவைத்துவிட்டான்’ என்று அவர் நினைத்திருப்பார். அதிலும் நியாயம் உண்டு. 500 ரூபாயை வசூலித்துக் கொடுத்தோம்.

இப்போதெல்லாம் தண்ணீரைப் பீய்ச்சி மண்டியைக் கரைத்து உறிஞ்சும் வண்டியைத்தான் கூப்பிடுகிறோம். செலவு கூடுதல். முணுமுணுப்பு எழுந்ததும் உங்கள் படத்தின் சுட்டியைக் குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவில் போட்டேன். சாப்பிடுகிற நேரத்தில் இதெல்லாம் எதற்கு என்று கேட்டுவிட்டு இரண்டு பேர் குழுவை விட்டே வெளியேறினார்கள். அவர்கள் வீட்டுப் பங்கையும் சேர்த்துத்தான் வசூலித்தோம்.


உங்கள் பார்வையாளர்களில் ஒருவர்