சாலையின் இடப்பக்கம்

வாசகர்கள் நகைக்கக் கூடும். சமூகத்திலே பேசுதற்கு எத்தனையோ பெரிய விஷயங்கள் இருக்க, வண்டியைச் சாலையின் எந்தப் பக்கத்தில் ஓட்டுவது என்பதையா ஒரு கட்டுரைக்குப் பொருளாகக் கொள்வது என்று கேட்கவும் கூடும். கேட்கட்டும். மழைக்காலத்து விடியற்காலை ஒன்றில், நாம் ஓட்டிச் சென்ற மோட்டார் காருக்கு முன்னே ஒருவர் தம் மனைவியோடு கால்வாயில் விழுந்ததும், விழுந்தவரே எழுந்து வந்து கைகூப்பி நம்மிடம் மன்னிப்புக் கேட்டதும் நிகழாதிருந்தால், நாமும் இதனை எழுதத் துணிந்திருக்க மாட்டோம்.

நாம் கெடா மாநிலத்தில், சுங்கைப் பட்டாணிக்கும் குரூணுக்கும் இடைப்பட்ட ஒரு தோட்டத்தில் கிராணி உத்தியோகம் பார்த்து வருகிறோம். வயது முப்பதைக் கடந்து சில ஆண்டுகளாயின. பயின்றது ஆங்கிலப் பள்ளியில். தமிழோ, தந்தையார் சேர்த்து வைத்திருந்த பழைய பத்திரிகைகளிலிருந்து நாமே தேடிக் கொண்டது. வாகனம் ஓட்டும் உரிமத்துக்கான எழுத்துத் தேர்வில் 50 வினாக்களுள் 42க்குச் சரியான விடை தந்தாற் போதும். நாம் 49 தந்தோம். தவறிய ஒன்று யாதென்று இன்று நினைவில்லை. இடப்பக்கத்தைப் பற்றிய வினாவன்று என்பது மட்டும் நிச்சயம்.

விதியோ மிகவும் எளியது. மலேசியாவில் வண்டிகள் சாலையின் இடப்பக்கத்திலே செல்லல் வேண்டும். முன்னே செல்லும் வண்டியைக் கடக்க வேண்டின் வலப்புறமாகக் கடந்து, கடந்தவுடன் தன் பக்கத்துக்குத் திரும்பிவிட வேண்டும். இரட்டை வெள்ளைக் கோட்டைத் தாண்டலாகாது. வலப்புறம் திரும்ப எண்ணுவோன் முன்கூட்டியே நடுக்கோட்டை அணுகி, எதிரே வருவோருக்கு வழிவிட்டுப் பின்னரே திரும்ப வேண்டும். வடக்கு தெற்கு நெடுஞ்சாலையில் வலக்கோடித் தடம் கடப்பதற்கு மட்டுமே உரியது. அதனைப் பட்டா நிலமாகக் கருதிப் பினாங்கு வரையில் அதிலேயே குடியிருப்போருக்கும் நம் நாட்டில் குறைவில்லை. ஓட்டுபவனின் ஆசனத்தை வலப்புறம் வைத்திருப்பதிலும் பொருளுண்டு. நடுக்கோட்டின் பக்கம் அமர்ந்திருப்பவனுக்கே எதிரே வருவது முன்னதாகப் புலப்படும்.

இடப்பக்கத்துக்கென்று தனிப் புனிதம் யாதுமில்லை. ஆங்கிலேயர் 1835 ஆம் ஆண்டில் தம் நாட்டிலே அதனைச் சட்டமாக்கினர்; அவர்கள் கொடி பறந்த இடமெல்லாம் அவ்வழக்கமும் பரவிற்று. ஸ்வீடன் தேசத்தார் 1967 செப்டம்பர் 3 ஆம் நாள், ஒரே விடியலில் இடத்தை விட்டு வலத்துக்கு மாறினர். பர்மா 1970 இல் மாறிற்று. சமோவாத் தீவினரோ 2009 இல் வலத்தை விட்டு இடத்துக்கு வந்தனர். நமது கெடா 1909 ஆம் ஆண்டு உடன்படிக்கையினால் சயாமியரிடமிருந்து ஆங்கிலேயர் கைக்கு மாறிய மாநிலம். ஆயினும் சயாமியரும் இடப்பக்கத்தாரே ஆதலால், இன்று புக்கிட் காயு ஹீத்தாம் எல்லையைக் கடப்பவன் நாணயத்தை மாற்ற வேண்டுமேயன்றிப் பக்கத்தை மாற்ற வேண்டியதில்லை. வலமே மங்கலமென்று வலக்காலை முன்வைத்து வீடு புகும் நம்மவர்களும், மோட்டாரில் ஏறியவுடன் சகுனத்தை மறந்து இடத்தைப் பற்றிக் கொள்கிறார்கள். இதுவரை எந்தத் தெய்வமும் கோபித்ததாகத் தெரியவில்லை. எந்தப் பக்கம் என்பதிலன்று பெருமை. சாலையில் பாதி உனக்கு, பாதி எதிரே வருபவனுக்கு என்ற ஒப்பந்தத்திலேதான் இருக்கிறது.

நிற்க. எங்கள் தோட்டத்துச் சாலையைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். அது செம்மண் சாலை. மழைநீர் வழிந்தோடுதற்காக நடுவிலே உயர்ந்தும் இருமருங்கும் சரிந்தும் அமைந்தது. சரிவின் முடிவில் கால்வாய், அதற்கப்பால் செம்பனை. குலை ஏற்றிச் செல்லும் லாரிகளும் டிராக்டர்களும் அழுத்திய இரு பள்ளங்கள் சாலை நெடுகிலும் ஓடுகின்றன. மழை பெய்து விட்டால் ஓரம் முழுவதும் சேறு. உறுதியான தரை நடுவிலேதான் உண்டு. நடுக்கோடு கிடையாது, விளக்கு கிடையாது, காவலர் நிற்பதும் கிடையாது. ஆகவே எல்லோரும் நடுவிலேயே ஓட்டுகிறோம். எதிரே வண்டி வராத வரையில் இதனால் கேடொன்றுமில்லை. வந்துவிட்டால் யார் விலகுவது? இதுவே கேள்வி.

சட்டம் சொல்லும் விடை, இருவரும் தத்தம் இடத்துக்கு விலக வேண்டும் என்பது. தோட்டம் சொல்லும் விடை வேறு. மானேஜர் வண்டிக்குக் கிராணி விலகுவான். கிராணியின் காருக்குத் தொழிலாளியின் மோட்டார் சைக்கிள் விலகும். அதற்கு நடந்து செல்பவன் விலகுவான். இதனை யாரும் எழுதி ஒட்டவில்லை. எழுதாமலே எல்லோருக்கும் தெரியும். வங்காள தேசத்திலிருந்தும் நேப்பாளத்திலிருந்தும் வேலைக்கு வந்திருக்கும் இளைஞர்கள்கூட, வந்த ஒரு வாரத்துக்குள் இதனைக் கற்றுக் கொள்கிறார்கள். தேர்வில் இதற்கு வினா வைத்தால் 50க்கு 50 வாங்குவார்கள்.

அன்று காலை மணி ஐந்தரை இருக்கும். பெரட்டுக்கு முன் அலுவலகம் சென்று கூலிப் பட்டியலைச் சரிபார்க்க வேண்டியிருந்தது. மேட்டை அடுத்த வளைவில் எதிரே ஒற்றை விளக்கு தெரிந்தது. மோட்டார் சைக்கிள்கள் பகலிலும் விளக்கெரிய விட்டுச் செல்ல வேண்டுமென்று 1992 முதல் இந்நாட்டில் விதியுண்டு. எதிரே வருபவர் கண்ணில் படுவதற்காகவே அவ்விதி. நம் கண்ணிலும் பட்டது. கண்ணில் படவில்லையென்று நாம் சொல்வோமானால் அது பொய். கண்டோம், கண்டும் விலகவில்லை. அவர் விலகுவார் என்று எதிர்பார்த்தோம். எப்போதும் விலகுகிறவர்கள்தாமே! அவர் முன்னமே தம் இடப்பக்கத்தில்தான் வந்து கொண்டிருந்தார். மேலும் விலகினார். அதற்கப்பால் சேறு, சேற்றுக்கப்பால் கால்வாய்.

நாம் இறங்கி ஓடுவதற்குள் அவரே எழுந்து விட்டார். உடம்பெல்லாம் செம்மண். பின்னால் அமர்ந்து வந்த அவர் மனைவி மணிக்கட்டைப் பிடித்துக் கொண்டு கரையில் உட்கார்ந்திருந்தார். அந்தக் கை கோணியிருந்தது. அவர் நம்மைப் பார்த்துக் கைகூப்பி, “மன்னிச்சிக்குங்க கிராணி, நான்தான் இன்னும் கொஞ்சம் தள்ளி வந்திருக்கணும்” என்றார்.

அவருக்கு வயது ஐம்பதுக்கு மேலிருக்கும். அவர் நம்மிடம் மன்னிப்புக் கேட்கிறார்!

அரசாங்க ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கக் காத்திருந்தபோது அவர் பேசிக் கொண்டிருந்தார். அவருடைய பாட்டனார், வெள்ளைத் துரையோ கிராணியோ வருவதைக் கண்டால் சைக்கிளிலிருந்து இறங்கி, அவர்கள் கடந்து செல்லும் வரையில் ஓரத்தில் நிற்பாராம். தகப்பனார் இறங்குவதில்லை, காலை ஊன்றிக் கொண்டு நிற்பாராம். “நான் நிக்கிறதில்லீங்க, ஓரம் கட்டிப் போயிடுவேன்” என்று சிரித்தார். மூன்று தலைமுறையில் தோட்டத்துத் தமிழன் அடைந்த முன்னேற்றம் இது.

பாட்டனார் கதையை அவர் மிகைப்படுத்தவில்லை. 1941 ஆம் ஆண்டு சிலாங்கூரில் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் பெரும் வேலைநிறுத்தம் செய்தார்கள். முன்னின்றவர்களுள் ஒருவர், தமிழ் நேசன் பத்திரிகையில் பணிபுரிந்த ஆர்.எச். நாதன், அவரைப் பிடித்து இந்தியாவுக்கு நாடு கடத்தினார்கள். போராட்டத்தை அடக்கப் பட்டாளம் வந்தது. துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் சிலர் மாண்டனர். அவர்கள் கேட்டவை யாவை? சீனத் தொழிலாளருக்கு இணையான கூலி, நல்ல மருத்துவம், பிள்ளைகளுக்குக் கல்வி, கள்ளுக்கடைகளை மூடுதல், பெண்களின் மானத்துக்குக் காப்பு. இவற்றோடு ஒன்றாக இன்னொன்றும் கேட்டார்கள்: ஐரோப்பிய மானேஜர்கள் முன்னும் ஆசிய உத்தியோகஸ்தர்கள் முன்னும் சைக்கிளை விட்டு இறங்காமல் ஏறிச் செல்லும் உரிமை. இதனை முதன்முதலில் ஓர் ஆங்கில நூலில் கண்டபோது, வெள்ளையனின் ஆணவத்தை எண்ணிக் கொதித்தோம். ‘ஆசிய உத்தியோகஸ்தர்’ என்ற சொல்லை வேகமாகக் கடந்து சென்று விட்டோம். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பிய இரவு அதே பக்கத்தை மீண்டும் எடுத்துப் பார்த்தோம். அது யாரைக் குறிக்கிறது? கிராணியைத்தான், நம்மைத்தான்.

பாதையை மறுப்பது நம்மவர்களுக்குப் புதிதன்று. திருவிதாங்கூரில் தாழ்த்தப்பட்டோர் நடக்கலாகாதென்ற பொதுச் சாலையில் அய்யங்காளி 1893 ஆம் ஆண்டு வில்வண்டி பூட்டி ஏறிச் சென்றார். வைக்கத்தில் கோயிலைச் சுற்றிய தெருக்களில் நடப்பதற்கு 1924 ஆம் ஆண்டு போராடிச் சிறை செல்ல வேண்டியிருந்தது. பெரியாரும் அங்கே சிறைப்பட்டார். அங்கே சாலையை முழுவதும் மறுத்தார்கள். கப்பலேறி வந்த இடத்தில் அவ்வளவு முரட்டுத்தனம் வேண்டியிருக்கவில்லை. சாலையைக் கொடுத்து, அதன் விளிம்பை மட்டும் கொடுத்தோம்.

இடப்பக்கம் வேறு, ஓரம் வேறு. விதி ஒருவனுக்குத் தருவது சாலையின் இடப்பாதி முழுவதையும். மணலும் சேறும் கண்ணாடித் துண்டும் ஒதுங்கிக் கிடக்கும் ஒரு சாண் விளிம்பை அன்று. பட்டணத்துக்கு வந்தாலும் இந்த நோய் நம்மை விடுவதில்லை. பீடோங்கிலிருந்து சுங்கைப் பட்டாணி செல்லும் பெரிய சாலையில் மாலை வேளையில் நின்று பாருங்கள். மோட்டார் சைக்கிள்கள் வெள்ளைக் கோட்டுக்கு வெளியே ஒட்டிக் கொண்டு செல்லும். லாரிகள் அவற்றை உரசிக் கொண்டு செல்லும். 2019 ஆம் ஆண்டில் இந்நாட்டுச் சாலைகளில் 6,167 பேர் மாண்டனர். ஆண்டுதோறும் இவ்வாறு மாள்பவர்களில் நூற்றுக்கு அறுபதுக்கும் மேற்பட்டோர் மோட்டார் சைக்கிளில் சென்றவர்களே. வேகமும் கவனமின்மையும் இதற்குக் காரணமல்லவென்று சொல்ல வரவில்லை. இளைஞர்கள் ஓட்டும் ஓட்டத்தை நாமும் பார்க்கிறோம். ஆனால் ஒதுங்கி ஒதுங்கி விழுந்தவன் எத்தனை பேர் என்பதை எந்தப் படிவத்திலும் எழுதுவதில்லை.

படிவம் என்றவுடன் எஞ்சியதையும் சொல்லிவிட வேண்டும். தொழிலாளி வேலைக்கு வரும் வழியில் அடிபட்டால், பெர்க்கெசோவின் உதவித் தொகை உண்டு. 1969 ஆம் ஆண்டுச் சட்டம் அது. அதற்குரிய படிவத்தைத் தோட்டத்தில் பூர்த்தி செய்பவன் கிராணி, அதாவது நாமே. விபத்து எவ்வாறு நேர்ந்தது என்று ஒரு கட்டம். காயம்பட்ட அம்மையாரின் கணவர் எதிரே நின்றார். “நானே சறுக்கி விழுந்தேன்னு எழுதிடுங்க. எப்படி எழுதினாலும் பணம் வந்துடுமாம். உங்களுக்கு ஏன் வீண் தொல்லை?” என்றார்.

அவர் சொன்னது உண்மை. யார் மேல் பிழையென்று அந்நிதி பார்ப்பதில்லை. பார்ப்பது நமது காரின் இன்ஷூரன்ஸ். உண்மையை எழுதினால் அவர்கள் அங்கே நஷ்டஈடு கேட்கலாம். கேட்டால், ஐந்தாண்டுகள் விபத்தின்றி ஓட்டிச் சேர்த்த 55 சதவிகிதத் தள்ளுபடி நமக்குப் போகும். மானேஜரிடமும் விளக்கம் சொல்ல வேண்டும். வெட்கத்தோடு ஒப்புக் கொள்கிறோம்: ‘தாமாகச் சறுக்கி’ என்ற இரு சொற்களை எழுதியும் விட்டோம். ஆங்கிலத்தில் அழகாக இருந்தன. அவர் அதனைப் படிக்க மாட்டார் என்பதும் நமக்குத் தெரியும். பிறகு அந்தத் தாளைக் கிழித்துப் போட்டு, வேறொரு தாளில், கார் சாலையின் நடுவில் வந்தது, மோட்டார் சைக்கிள் தன் பக்கத்தில் வந்தது, கார் விலகவில்லை என்று எழுதினோம். அதனை அவருக்குத் தமிழில் படித்துக் காட்டினோம். அவர் மகிழவில்லை. ‘இந்தக் கிராணி ஏன் இப்படித் தன்னைத் தானே மாட்டிக் கொள்கிறான், இதனால் பின்னால் நமக்கென்ன வருமோ’ என்ற கவலையே முகத்தில் தெரிந்தது. காவல் நிலையத்திலும் அவ்வாறே எழுதிக் கொடுத்தோம். தள்ளுபடி போயிற்று. அம்மையாரின் கை ஆறு வாரம் கட்டிலிருந்தது. பால் வாளி தூக்க இன்னும் வலிக்கிறதாம்.

அதன் பின்னர் அந்த வளைவில் நாம் இடப்பக்கமே செல்கிறோம். சேற்றில் சக்கரம் இறங்குகிறது, இறங்கட்டும். சென்ற மாதம் ஒரு காலையில் மீண்டும் அவ்விருவரும் எதிரே வந்தனர். நாம் நம் பக்கம் ஒதுங்கினோம். அவரோ வழக்கப்படி புல் மேட்டில் ஏறி நின்று விட்டார். நாமும் நின்றோம். கண்ணாடியை இறக்கி, “அண்ணே, நீங்கள் வாருங்கள், வழி இருக்கிறது” என்றோம். “இல்லீங்க, நீங்க போங்க” என்றார். “உங்கள் பக்கத்தில்தானே வருகிறீர்கள், வாருங்கள்” என்றோம். “பரவாயில்லீங்க” என்றார். மழை தூறத் தொடங்கிற்று. பின்னால் குலை லாரி வந்து ஹாரன் அடித்தது. இருவரும் அசையவில்லை.

அம்மையார் கணவரின் முதுகில் ஒரு தட்டுத் தட்டி, “வண்டிய எடுய்யா, ரெண்டு பேரும் இப்படி நின்னா பெரட்டுக்கு யாரு போறது?” என்றார்.