பெயர் இருந்தது, செயல் இல்லை



இந்த வாரம் என் தவறு ஒன்றை உங்கள் முன் அறிக்கையிடுகிறேன். அதனால் பாதிக்கப்பட்ட சகோதரியின் அனுமதியைப் பெற்ற பின்னரே இதை எழுதுகிறேன்.

ஆவடிப் பக்கத்தில் வசிக்கும் அவர், குடும்ப வாழ்வில் தாம் பட்ட பாடுகளையும் ஆண்டவர் தம்மை விடுவித்த விதத்தையும் சாட்சியாகச் சொல்ல முன்வந்தார். "என் முகம் மட்டும் தெரியக் கூடாது ஐயா. மகளுக்கு வரன் பார்க்கிறோம்" என்றார். "நான் பார்த்துக்கொள்கிறேன் அம்மா" என்று வாக்களித்தேன்.

அம்பத்தூரில் வசிக்கும் நம் சபைத் தம்பி ஒருவர் தம் வீட்டுக் கணினியில் காணொளியைத் தொகுத்து, முகத்தை மங்கலாக்கி எனக்குக் காட்டினார். எனக்கு நிறைவாக இருந்தது. சனிக்கிழமை இரவு அவர் பகுதியில் மின்சாரம் நின்றது. அவர் பென்டிரைவோடு பூந்தமல்லியிலுள்ள நண்பர் வீட்டுக்குச் சென்று, அங்கிருந்து இறுதி வடிவத்தை அனுப்பினார். அப்போது நள்ளிரவு கடந்திருந்தது. முன்பே பார்த்ததுதானே என்று எண்ணி, திறந்து பாராமலே சபையின் வாட்ஸ்அப் குழுவில் பகிர்ந்தேன்.

விடியற்காலையில் அந்தச் சகோதரியே அழைத்தார். "ஐயா, என் முகம் தெரிகிறதே." வேறொன்றும் சொல்லவில்லை. உடனே நீக்கினேன். அதற்குள் பலர் பார்த்துவிட்டனர்.

தம்பியைக் கடிந்துகொண்டேன். அவர் பொறுமையாக விளக்கினார். தொகுப்பு மென்பொருள் சேமிக்கும் திட்டக் கோப்பில் முகத்தை மறைக்கும் திறன் கிடையாது. எந்தக் காட்சியில் எந்த விளைவு செயல்பட வேண்டும் என்ற குறிப்பு மட்டுமே அதில் உண்டு. அந்த விளைவை உண்டாக்குவது கணினியில் வேறோர் இடத்தில் இருக்கும் சிறு கோப்பு. லினக்ஸில் அதன் பெயர் 'எஸ்ஓ' என்றும் விண்டோஸில் 'டிஎல்எல்' என்றும் முடியும். ஒரே கோப்பைப் பல மென்பொருள்கள் பொதுவில் பயன்படுத்திக்கொள்ளலாம் என்பதால் அதைப் பகிர்வு நூலகம் என்கிறார்கள். 'ஃப்ரைஓர்' என்னும் இலவசத் தொகுப்பில் இத்தகைய கோப்புகள் நிறைய உள்ளன. கேடென்லைவ், ஷாட்கட் போன்ற மென்பொருள்கள் அவற்றைப் பயன்படுத்துகின்றன. முகத்தைக் கண்டறிந்து மங்கலாக்கும் கோப்பும் அதில் உண்டு. அதுவும் தனித்து இயங்காது. முகத்தை அடையாளம் காண 'ஓப்பன்சிவி' என்னும் மற்றொரு நூலகம் அதற்குத் தேவை.

நண்பரின் கணினியில் அந்தக் கோப்பு இல்லை. இல்லையென்று எச்சரிக்கையும் வந்தது. தூக்கக் கலக்கத்தில் தம்பி அதை வாசிக்காமல் 'சரி' என்று அழுத்திவிட்டார்.

அன்பானவர்களே, குறிப்பில் பெயர் இருந்தது. செயலைச் செய்ய வேண்டிய கோப்பு இல்லை. அதைக் கேட்டபோது தம்பிமேல் இருந்த கோபம் என்மேல் திரும்பியது. "பார்த்துக்கொள்கிறேன்" என்ற என் வாக்கும் அப்படிப்பட்டதுதானே? சொல் என் வாயில் இருந்தது. பார்க்க வேண்டிய கண்கள் உறங்கப் போய்விட்டன. மத்தேயு 21ஆம் அதிகாரத்தில் இரண்டு குமாரரைப் பற்றி ஆண்டவர் சொன்ன உவமையை நினைத்துக்கொண்டேன். போகிறேன் என்று சொல்லிப் போகாமல் இருந்த மகன் நானே.

அன்று மாலை ஆவடிக்குச் சென்று அந்தச் சகோதரியிடம் மன்னிப்புக் கேட்டேன். "தம்பியைத் திட்டாதீர்கள் ஐயா. இனிமேல் பார்த்துவிட்டு அனுப்புங்கள்" என்றார். வரன் வீட்டார் யாரேனும் அதைப் பார்த்தார்களா என்பது அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. அந்தப் பாரம் இன்னும் என் நெஞ்சில் இருக்கிறது. இப்போதெல்லாம் சாட்சி சொன்னவர் இறுதி வடிவத்தைப் பார்த்துச் சம்மதித்த பின்னரே எதையும் பகிர்கிறோம்.

ஆராதனை முடிந்து வாசலில் நிற்கையில், "உங்களுக்காக ஜெபித்துக்கொள்கிறேன்" என்று நாம் எத்தனை பேரிடம் சொல்லியிருப்போம்! அவர்களுடைய பெயர்கள் நம் குறிப்பேட்டில் இருக்கலாம். ஜெபித்தோமா? மருத்துவமனையில் இருப்பவரைப் பார்க்க வருகிறேன் என்றோமே, போனோமா? அவர்கள் நம் சொல்லை நம்பிக் காத்திருக்கிறார்கள்.

இந்த வாரம், நீங்கள் வாக்களித்து மறந்த ஒருவரை நினைத்துப் பாருங்கள். இன்றைக்கே அவருக்காக முழங்காற்படியிடுங்கள், அல்லது அவர் வீட்டுக் கதவைத் தட்டுங்கள். எனக்காகவும் ஜெபித்துக்கொள்ளுங்கள்.

ஜெபத்துடன்,
உங்கள் போதகர்