மூணு நிமிஷம், பத்து சென்ட்

இன்னைக்கு ரீல்ஸ் பிடிக்கலைன்னா தள்ளிவிட்டுப் போயிடுறோம். 1940களில் அமெரிக்காவில் அதுக்கு வழியில்லை. பார், ஹோட்டல், பஸ் நிலையம் என்று பல இடங்களில் 'பானோரம்' என்று ஒரு பெரிய மரப்பெட்டி நிற்கும். சிகாகோவின் மில்ஸ் நாவல்டி கம்பெனி தயாரிப்பு. பத்து சென்ட் போட்டால் சுமார் மூணு நிமிஷப் பாட்டுப் படம் ஒண்ணு ஓடும். அந்தப் படங்களுக்குப் பேர் 'சவுண்டீஸ்'.

நம்ம மெக்கானிக்கல் பசங்களுக்கு இது பிடிக்கும். உள்ளே ஒரு 16 எம்.எம். புரொஜெக்டர். பின்பக்கமிருந்து கண்ணாடிகள் வழியா படம் திரைக்கு வரும். எட்டுப் படங்கள் ஒரே ரீலில் சுத்திக்கிட்டே இருக்கும். எது வேணும்னு கேட்க முடியாது, அடுத்து எதுவோ அதுதான்! கண்ணாடி இடவலம் மாத்திடும் என்பதால் ஃபிலிமையே மாத்தி அச்சடிச்சாங்க.

1941இல் வந்த 'ஹாட் சாக்லேட்' பாருங்க. டியூக் எலிங்டன் குழு வாசிக்க, ஹார்லெமின் ஒயிட்டீஸ் லிண்டி ஹாப்பர்ஸ் ஜோடி ஜோடியா வந்து ஒருத்தரை ஒருத்தர் தூக்கி வீசி ஆடுறாங்க. பாட்டை முன்னாடியே பதிவு பண்ணிட்டு, கேமரா முன்னால் அதுக்கேத்த மாதிரி வாசிப்பாங்க. நம்ம சினிமாப் பாட்டு மாதிரியேதான்.

அதே காலத்து ஹாலிவுட் படங்களில் லீனா ஹார்ன் போன்ற கறுப்பினக் கலைஞர்களின் பாட்டைக் கதையோடு ஒட்டாமல் வைப்பாங்க. தென் மாநிலத் தியேட்டர்களில் வெட்டி எறிய வசதியா இருக்கணுமே! சவுண்டீஸில் பாட்டுதான் படம். அதை வெட்டினா மிச்சம் ஒண்ணுமில்லை. எல்லாமே மரியாதையான படங்கள்னு சொல்ல மாட்டேன். சிலதில் அவங்களுக்குப் பருத்திக்காட்டுக் கூலி வேஷம்தான். ஆனாலும் முகம் பதிவாச்சு. ஃபேட்ஸ் வாலர் 1943இல் 39 வயசில் இறந்துட்டார். 1941இல் எடுத்த படங்களில் பியானோ முன்னால் அவர் புருவம் இன்னும் ஆடுது.

இது என்னை ஏன் உறுத்துது? எங்கப்பா கல்யாண பேண்ட் செட்டில் டிரம்பெட் வாசிக்கிறவர், இருபது வருஷமா. எத்தனையோ கல்யாண வீடியோவில் மாப்பிள்ளை காருக்குப் பின்னால் அவர் தோள்பட்டை மட்டும் தெரியும். வாசிச்சதை எடுத்துட்டு, மேலே சினிமாப் பாட்டை ஒட்டியிருப்பாங்க. அப்பா வாசிச்ச சத்தம் எங்க வீட்டில் ஒரு பதிவிலும் இல்லை.

1947க்குள்ள சவுண்டீஸ் தயாரிப்பு நின்னு போச்சு. பானோரம் பெட்டி மியூசியத்துக்குப் போயிடுச்சு. அதில் ஆடினவங்களைப் பார்த்து இன்னைக்கும் லிண்டி ஹாப் கத்துக்கிறாங்க.

செமஸ்டர் லீவில் ஊருக்குப் போறேன். அப்பாவை மொட்டைமாடியில் நிக்க வெச்சு, ஒரு முழுப் பாட்டு வாசிக்கச் சொல்லப் போறேன். கட் இல்லாமல்.