குள்ளர் வீடுகள்

லாத்வியாவின் மார்கரீத்தா ஸ்தாராஸ்தே (1914–2014) எழுதி, தாமே ஓவியமும் தீட்டிய சிறுவர் நூல் ‘சீலுக்ஸ்’. ஓக் மரக் கொட்டை ஒரு பொடியனாகி உலவும் கதை.

நமக்கும் குள்ளர்கள் புதியவர்கள் அல்லர். புறநானூற்றின் 28ஆம் பாடல் குறளை உடற்குறைகளுள் ஒன்றாக எண்ணுகிறது. கலித்தொகையின் 94ஆம் பாடலில் குறளனும் கூனியும் ஒருவரையொருவர் எள்ளிப் பின் இணங்குகிறார்கள். ஒன்றில் குறுமை குறை, மற்றொன்றில் நகைப்பு. குழந்தையின் வியப்பை ஊர்ப் பேச்சில்தான் தேட வேண்டும்.

2004 வரை தருமபுரி மாவட்டத்தில் இருந்து, இன்று கிருஷ்ணகிரியைச் சேர்ந்த மல்லச்சந்திரத்தின் குன்றில் கற்திட்டைகள் நிற்கின்றன. பலகைக் கற்களைச் சுற்றி நிறுத்தி, மேலே ஒரு கல்லால் மூடிய இரும்புக்கால ஈமச்சின்னங்கள் அவை. பக்கக் கல்லில் வட்டமான இடுதுளை இருக்கும். பெரியவர் நிமிர்ந்து புக முடியாத இத்தகைய திட்டைகளைத் தமிழகத்தில் பல ஊரார் குள்ளர் வீடு என்றும் வாலியர் வீடு என்றும் அழைத்து வந்திருக்கின்றனர்.

அது வீடன்று, ஈமச்சின்னம் என்று மாணவருக்குச் சொல்வது ஆசிரியர் கடமை. வரலாறு அதனால் தெளிகிறது. ஆயினும், இத்துளை வழியே யார் போய்வந்தார் என்று கேட்கும் பிள்ளைக்குத் தொல்லியலின் விடை மட்டும் போதுமா? லாத்வியருக்கு ஒரு கொட்டையே கதையாயிற்று. நம்மிடம் வாயிலோடு வீடே இருக்கிறது. குன்றுகளைக் கல்லுக்காக உடைக்கும் இந்நிலத்தில், அவ்வீடுகள் எஞ்சியிருக்கும்போதே யாரேனும் குள்ளரைக் குடியேற்றி எழுதிவிட வேண்டும். கதை கேட்டு வளர்ந்த பிள்ளை அக்கற்களைப் பெயர்க்க எளிதில் மனம் ஒப்பாது.