அறுபத்தைந்து வயதில் முதல் ஓட்டு

டிசம்பர் 19, 2025, தியாகதுருகம்

தேர்தல் ஆணையம் நடத்தும் சிறப்புத் தீவிரத் திருத்தத்தின் வரைவு வாக்காளர் பட்டியல் இன்று வெளியானது. தமிழ்நாடு முழுக்கச் சுமார் 97 லட்சம் பெயர்கள் இல்லை. இறந்தவர், இடம் மாறியவர், இரட்டைப் பதிவு என்று காரணம் சொல்கிறார்கள். ‘இடம் மாறியவர்’ என்பதுதான் எனக்கு உறுத்துகிறது. கள்ளக்குறிச்சி மாவட்டத்துக் கல்வராயன் மலையிலிருந்து கூலி வேலைக்கு வெளி மாநிலம் போகிறவர் பிழைப்புக்குப் போய்த் திரும்புகிறவர். கணக்கெடுப்புப் படிவம் வீட்டுக்கு வந்த நாளில் அவர் மலையில் இல்லாமல் போனால்?

டிசம்பர் 21

கல்வராயன் மலை பற்றி நான் எடுக்கவிருக்கும் ஆவணப்படத்துக்குச் சேர்த்த தாள்களை வரிசைப்படுத்தினேன். 1952-ல் நாடு முதல் பொதுத்தேர்தலை முடித்தபோது, இந்த மலை சடைய கவுண்டர், குறும்ப கவுண்டர், ஆரிய கவுண்டர் என்ற மூன்று ஜாகீர்தார்களின் (பரம்பரை நில ஆட்சியாளர்களின்) பிடியில் இருந்தது. அரசு அதைக் கையகப்படுத்தியது 1976-ல். அப்போதும் ஓட்டு வரவில்லை. கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் விஷச் சாராயம் அறுபதுக்கும் மேற்பட்டவர்களைக் கொன்ற 2024-ல், அதைத் தொடர்ந்து சென்னை உயர் நீதிமன்றம் கல்வராயன் மலைமக்களின் நிலை குறித்துத் தானாக முன்வந்து வழக்கு எடுத்தது. மலைமக்களுக்கு வாக்குரிமை கிடைத்தது 1996-ல்தான் என்ற செய்தி அந்த வழக்கில்தான் வெளியூர்க்காரர்கள் பலருக்குத் தெரிந்தது.

கணக்குப் போட்டுப் பார்த்தேன். 1952-ல் வாக்களிக்கும் வயது 21. முதல் தேர்தலின்போது அந்த வயதை எட்டிய ஒருவர், 1996-ல் முதல் ஓட்டைப் போடும்போது அவருக்கு 65. இடையில் நேரு முதல் நரசிம்ம ராவ் வரை எத்தனை பிரதமர்கள்! ஒருவரைத் தேர்ந்தெடுப்பதிலும் அவருக்குப் பங்கில்லை. வறுமையைப் படமெடுக்க நிறையப் பேர் மலையேறுகிறார்கள். இந்த 44 ஆண்டுகளை யாராவது படமெடுத்தே ஆக வேண்டும்.

டிசம்பர் 23

கச்சிராயபாளையம் வழியாக, கல்வராயன் மலையிலுள்ள வெள்ளிமலைக்குப் போனேன். கேமராவை வெளியே எடுக்கவில்லை, வெறுமனே பேசிக்கொண்டிருந்தேன். ஆவணப்பட இயக்குநர் ஆர்.பி. அமுதன் ‘பீ’ படத்தில் மதுரைத் துப்புரவுப் பணியாளர் ஒருவரின் வேலையைப் பின்தொடர்ந்தார். திவ்யபாரதி துப்புரவுப் பணியாளர்களைப் பற்றியே ‘கக்கூஸ்’ என்ற ஆவணப்படம் எடுத்து 2017-ல் பல இடங்களில் திரையிட முடியாமல் யூடியூபில் வெளியிட்டார். உழைப்பவரின் முகமே வாதம் என்று காட்டியவர்கள் இவர்கள். எனக்கும் அந்த வழிதான் சரி. பின்னணிக் குரல் வேண்டாம்.

மலையில் பேச்சு வாக்காளர் பட்டியலுக்கும் வந்தது. திருத்தத்தின் விதியோ 2002 அல்லது 2005 வாக்காளர் பட்டியலில் தன் பெயரையோ பெற்றோர் பெயரையோ தேடிக் காட்டச் சொல்கிறது. முதல் ஓட்டுக்கும் அந்தப் பட்டியலுக்கும் இடையே பத்தாண்டுகூட இல்லாத மக்களிடமும் இதே கேள்விதான். மற்ற ஊர்களுக்கு வைத்த அளவுகோலை இங்கே அப்படியே வைப்பது அநியாயம்.

டிசம்பர் 24

பட்டியலில் விடுபட்டவர்கள் பெயர் சேர்க்கப் படிவம் 6 கொடுக்கலாம். மலையில் சொந்தமோ நட்போ உள்ளவர்கள் ஒரு நாள் ஒதுக்கிப் போய்ப் பட்டியலைப் பாருங்கள்; வெளியூரில் இருப்பவர்களுக்குப் போன் போட்டுச் சொல்லுங்கள். அப்படியே, 1996-ல் முதல் ஓட்டுப் போட்ட பாட்டி தாத்தா யாராவது வீட்டில் இருந்தால், அந்த நாளைப் பற்றிக் கேட்டு உங்கள் செல்போனிலேயே பதிவுசெய்து வையுங்கள்.