களிசானும் உரோமப் படையும்

எங்கள் வாப்பாவின் தையல் கடை சோனகதெருவில் எங்கள் வீட்டிலிருந்து நடந்துபோகும் தூரத்தில் இருக்கிறது. இரண்டு மெஷின், வெட்டுவதற்கு ஒரு நீள மேசை, ஒரு பழைய ஸ்திரிக்கைப் பெட்டி. பெருநாள் காலத்தைத் தவிர மற்ற நாட்களில் வருவது அநேகமாகத் திருத்த வேலைதான். இடுப்பைக் குறைக்க வேண்டும், நீளத்தை மடிக்க வேண்டும், சிப் மாற்ற வேண்டும். போன வருடம் மழைக்காலத்தில் ஓர் ஆமிக்காரப் பையன் இரண்டு களிசான்களைக் கொண்டுவந்து மேசையில் வைத்தான். சீருடை அல்ல, லீவில் ஊருக்குப் போகும்போது போடுகிற சாதாரண களிசான்கள். "நானா, மேக்க பொட்டக் அடு கரன்ன" என்றான். கொஞ்சம் குறைத்துத் தரச் சொல்கிறான். வாப்பா அளவுநாடாவை எடுத்தார். புத்தளத்தில் வளர்ந்ததால் வாப்பாவுக்குச் சிங்களம் நன்றாக வரும்.

அவன் போன பிறகு பக்கத்துக் கடைக்காரர் எட்டிப் பார்த்து, "என்ன நானா, ஆமிக்கும் தைக்கத் தொடங்கியாச்சோ?" என்று கேட்டார். பகிடிபோலத்தான் கேட்டார். ஆனால் அது முழுக்கப் பகிடியில்லை என்பது தேத்தண்ணி கொண்டுபோயிருந்த எனக்கே விளங்கியது.

"அவனுக்கு இடுப்பு இருபத்தெட்டு. அதுக்கு மேல அவனைப் பற்றி எனக்கு ஒண்டும் தெரியாது" என்றார் வாப்பா. நான் சிரித்துவிட்டேன். வாப்பா சிரிக்கவில்லை.

உயர்தரத்தில் கிரேக்க உரோம நாகரிகம் என்று ஒரு பாடம் உண்டு. எங்கள் வகுப்பில் அதை எடுத்தவர்கள் யாருமில்லை. நானும் எடுக்கவில்லை. ஆனாலும் அந்தக் கிழமை பொது நூலகத்தில் வேறு புத்தகம் தேடப்போய், உரோமப் படைவீரர்களின் வாழ்க்கையைப் பற்றிய ஆங்கில நூல் ஒன்று கையில் அகப்பட்டது. போர்களைப் பற்றி இருக்கும் என்று நினைத்துத் திறந்தேன். உள்ளே இருந்தது உள்ளாடைக் கணக்கு.

உரோமப் பேரரசின் வட எல்லையில், இன்றைய இங்கிலாந்தில், விந்தொலாண்டா என்றொரு கோட்டை இருந்தது. 1973 இல் ரொபின் பேர்லி என்ற தொல்லியலாளர் அங்கே ஈரமண்ணுக்குள்ளிருந்து தபாலட்டை அளவான மெல்லிய மரத்தகடுகளை எடுத்தார். அவை மையால் எழுதப்பட்ட கடிதங்களும் கணக்குகளும். வயது ஏறத்தாழ 1900 வருடங்கள். அவற்றில் ஒரு கடிதம், கோட்டையில் இருந்த ஒருவருக்கு மேசும் இரண்டு சோடி செருப்பும் இரண்டு உள்ளாடையும் அனுப்பியிருப்பதாகச் சொல்கிறது. உலகத்தை ஆண்ட படைக்கும் குளிருக்கு மேசு யாரோ அனுப்பத்தான் வேண்டியிருந்திருக்கிறது. இன்னொரு கடிதம் ஒரு தளபதியின் மனைவி கிளோடியா செவேரா, தன் தோழி சுல்பிசியா லெபிடினாவைச் செப்டெம்பர் 11ஆம் திகதி தன் பிறந்தநாளுக்கு வரச் சொல்லி அனுப்பியது. எழுத்தர் ஒருவர் எழுதிய கடிதத்தின் அடியில் கடைசி வரிகளை அவளே தன் கையால் எழுதியிருக்கிறாள். இலத்தீன் மொழியில் பெண்ணொருத்தியின் கையெழுத்தாகக் கிடைத்த மிகப் பழையவற்றில் அது ஒன்றாம். எழுத்தரின் எழுத்துக்குப் பக்கத்தில் அவளுடைய எழுத்து சற்று ஒழுங்கில்லாமல்தான் இருக்கிறது. படத்தைப் பார்த்து எனக்கு ஆறுதலாக இருந்தது. என் கொப்பியில் சிவப்புப் பேனாவால் எழுதப்படும் குறிப்புகள் அப்படிப்பட்டவை.

அகஸ்டஸ் காலத்தில் உரோமுக்கு நிரந்தரப் படை உண்டானது. லீஜியன் எனப்பட்ட பெரும்படைகளில் குடியுரிமை உள்ளவர்கள் மட்டும் சேரலாம். ஆண்டுக்கு 225 தெனாரியஸ் வெள்ளிக்காசு சம்பளம். குடியுரிமை இல்லாதவர்கள், அதாவது பிடிக்கப்பட்ட நாடுகளின் இளைஞர்கள், துணைப்படைகளில் சேர்ந்தார்கள். அவர்கள் 25 வருடம் சேவை செய்து முடித்தால் குடியுரிமை கிடைக்கும். அதற்குச் சாட்சியாக வெண்கலத் தகட்டில் பத்திரம் தருவார்கள். ஸ்பெயின் நாட்டு ரெபுர்ருஸ் என்ற குதிரைப்படை வீரன் 103ஆம் ஆண்டில் பெற்ற பத்திரம் இங்கிலாந்தில் கிடைத்து இன்று பிரித்தானிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது. கணக்குப் பார்த்தேன். பதினெட்டு வயதில் சேர்ந்தவனுக்கு நாற்பத்து மூன்று வயதில்தான் "நீ எங்களவன்" என்ற கடதாசி.

எனக்குக் கோபம் வந்த இடம் இதுவல்ல. சேவையில் இருக்கும் வீரன் சட்டப்படி திருமணம் செய்ய முடியாது. ஆனால் மனிதன் 25 வருடம் தனியாக இருப்பானா? ஒவ்வொரு கோட்டை வாசலுக்கு வெளியிலும் ஓர் ஊர் முளைத்தது. சாராயக் கடைக்காரர், செருப்புத் தைப்பவர், துணி விற்பவர், பெண்கள், பிள்ளைகள். அந்தப் பெண்கள் சமைத்தார்கள், பிள்ளை பெற்றார்கள், செத்த வீரனுக்குக் கல் நாட்டினார்கள். சட்டத்தின் கண்ணில் மட்டும் அவர்கள் மனைவியர் இல்லை. பிள்ளைகளுக்குத் தகப்பன் இல்லை. செப்டிமியஸ் செவேரஸ் என்ற பேரரசன் 197 அளவில் இந்தத் தடையை நீக்கும்வரை ஏறத்தாழ இருநூறு வருடம் அரசாங்கம் அவர்களைக் காணாததுபோல் இருந்திருக்கிறது. இப்படி எழுதினால் சோதனையில் புள்ளி குறைப்பார்களோ தெரியாது. ஆனால் நான் அப்படித்தான் நினைக்கிறேன்.

அதே எல்லையில் சவுத் ஷீல்ட்ஸ் என்ற இடத்தில் ரெஜினா என்ற பெண்ணின் கல்லறைக்கல் இருக்கிறது. அவள் பிரித்தானியப் பெண், அடிமையாக இருந்தவள். அவளை விடுதலை செய்து மணந்தவன் பராதெஸ். அவனுடைய ஊர் சிரியாவிலுள்ள பல்மைரா. முப்பது வயதில் அவள் இறந்தபோது இலத்தீனில் எழுதுவித்த பிறகு, கீழே தன் சொந்த அரமேய மொழியிலும் ஒரு வரி வெட்டுவித்தான். அந்தக் குளிர் ஊரில் அதை வாசிக்க எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? (பல்மைரா என்றவுடன் எங்கள் பனைதான் என் நினைவுக்கு வந்தது, ஆங்கிலத்தில் எழுத்துக்கூட ஒன்றுதான். தேடிப் பார்த்தால், பனையின் ஆங்கிலப் பெயர் அந்த நகரத்திலிருந்து வரவில்லை. போர்த்துக்கேயச் சொல்லிலிருந்து வந்தது.)

போர்த்துக்கேயர் யாழ்ப்பாணத்தை 1619 இல் பிடித்தார்கள். 1658 இல் ஒல்லாந்தர் அவர்களைத் துரத்தினார்கள். கோட்டை கைமாறிவிட்டது; களிசான், சப்பாத்து, மேசு என்ற சொற்கள் எங்களிடமே தங்கிவிட்டன. வாப்பா மூட்டித் தரும் சாரம் மலாய்ச் சொல். சம்பலும் அப்படித்தான். ஒல்லாந்தரும் பிறகு ஆங்கிலேயரும் மலாய் வீரர்களை இலங்கைக்குக் கொண்டுவந்தார்கள். ஆங்கிலேயரின் இலங்கை ரைபிள் படை 1873 இல் கலைக்கப்பட்டபோது அவர்கள் திரும்பிப் போகவில்லை. பொலிஸில் சேர்ந்தார்கள், தோட்டங்களில் வேலை பார்த்தார்கள், சோனகக் குடும்பங்களில் பெண் எடுத்தார்கள்.

எல்லாவற்றிலும் என்னைத் திகைக்க வைத்தது யவனர் என்ற சொல். பத்துப்பாட்டில் ஒன்றான முல்லைப்பாட்டில், பாசறையில் அரசனுடைய கூடாரத்தைக் காப்பவர்கள் யவனர். சிலப்பதிகாரத்தில் மதுரைக் கோட்டை வாயிலில் வாளோடு நிற்பவர்களும் யவனர். கிரேக்கரையும் உரோம உலகத்திலிருந்து கடல் தாண்டி வந்தவர்களையும் தமிழர் அப்படி அழைத்தார்கள். அவர்களுடைய காசு எங்கள் கந்தரோடையிலும் கிடைத்திருக்கிறது. போல் பீரிஸ் நூறு வருடங்களுக்கு முன்னர் அங்கே ஆராய்ந்து எழுதியிருக்கிறார். பின்னாளில் மேற்கிலிருந்து அரபிகள் வந்தபோது அதே பெயர் அவர்களுக்கும் ஆயிற்று. சோனகர் என்ற சொல் யவனர் என்பதிலிருந்து வந்ததென்று தமிழ் அகராதி சொல்கிறது. அப்படியானால் அந்நியக் காவற்காரனுக்கு இட்ட பெயர்தான், உருமாறி, எங்கள் தெருவின் பெயராக நிற்கிறது.

இது எனக்கு வெறும் சொல்லாராய்ச்சி இல்லை. ஒரு ரியூசன் வகுப்பில் பக்கத்தில் இருந்த பிள்ளை என்னிடம் எந்த ஊர் என்று கேட்டாள். சோனகதெரு என்றேன். "இல்லை, அதுக்கு முதல்?" என்றாள். புத்தளம் என்றேன். "அதுதானே" என்றாள். அவள் கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை. ஆனால் அதற்கும் முதல் என்று ஒன்று இருக்கிறது. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி, இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேறச் சொன்னபோது வாப்பாவுக்குப் பத்து வயது. உம்மம்மா அடுப்பில் வைத்த சோற்றைப் பற்றி இப்போதும் சொல்வார். அரிசி வெந்துகொண்டிருந்ததாம், இறக்கி வைத்துவிட்டு வந்தாராம். இதை நான் அந்தப் பிள்ளையிடம் சொல்லவில்லை. பாடம் தொடங்கிவிட்டது.

வாப்பாவிடம் ஒருநாள் பராதெஸின் கதையைச் சொன்னேன். கோட்டைக்கு வெளியில் தையல்காரர்களும் இருந்திருப்பார்களே, அவர்களை ஊர்ச்சனம் என்ன சொல்லியிருக்கும் என்று கேட்டேன். வாப்பா ஊசியில் நூலைக் கோர்த்து முடிக்கும்வரை பேசவில்லை. "என்னவும் சொல்லியிருக்கும். தைக்கிறவன் வாடகை குடுக்க வேணுமே" என்றார். கொஞ்சம் பொறுத்து, "அவனும் சின்னப் பொடியன்தான்" என்றார். எவன் என்று நான் கேட்கவில்லை.

அந்த ஆமிக்காரன் களிசான்களை எடுக்க வரவேயில்லை. வேறு முகாமுக்கு மாற்றிவிட்டார்களாம். அவை பொலித்தீன் பையில், 28 என்று எழுதிய துண்டோடு, கடையின் பின்சுவர் ஆணியில் தொங்குகின்றன. யாருக்காவது கொடுத்துவிடுங்கள் என்று உம்மா சொன்னதற்கு, லீவில் இந்தப் பக்கம் வந்தாலும் வருவான் என்றார் வாப்பா. போன கிழமை பக்கத்துக் கடைக்காரர் தன் மகனின் பள்ளிக்கூடக் களிசானை நீளம் இறக்கித் தரும்படி கொண்டுவந்தார். வாப்பா அளவெடுத்து எழுதிவிட்டு, அதையும் பக்கத்து ஆணியில் கொழுவினார்.