கிளிமீன் மேய்ந்த பார்

கிளிமீனின் நிறம் கரையில் நிற்கிறவர்களுக்குத் தெரியாது. கூட்டைத் தூக்கி வள்ளத்தில் கவிழ்க்கிற அந்த நேரத்தில் பார்க்க வேண்டும். பச்சையும் நீலமுமாகத் துள்ளும். செதில் ஒவ்வொன்றின் ஓரத்திலும் ரோஜா நிறத்தில் ஒரு கோடு ஓடும். கரை சேர்வதற்குள் அதில் பாதி மங்கிவிடும்.

கீழக்கரைப் பக்கம் அப்போது உடைமரக் குச்சியைக் கீறிப் பின்னிய கூடுகள்தான். ஐயா திண்ணையில் உட்கார்ந்து பின்னுவார். நுழைந்த மீன் திரும்பி வரமுடியாதபடி வாயை உள்நோக்கிக் குறுக்குவதில்தான் வித்தையே இருக்கிறது. அந்தப் பின்னல் தெரிந்த கை எங்கள் தெருவில் இன்று ஒன்றுகூட இல்லை.

கூட்டில் விழும் கலவாயும் விளைமீனும் ஏலத்துக்குப் போகும். கிளிமீன் வீட்டுக்கு வரும். அதன் சதை மெத்தென்று இருக்கும், குழம்பில் உடைந்துவிடும் என்று யாரும் வாங்க மாட்டார்கள். அதனாலேயே அப்பத்தா கரண்டி போட மாட்டாள். சட்டியின் விளிம்பைத் துணியால் பிடித்து ஒரு சுழற்றுச் சுழற்றுவாள், அவ்வளவுதான்.

அறுக்கும்போது தலையை எங்களிடம் தள்ளிவிடுவாள். உதட்டைப் பிதுக்கினால் பற்களெல்லாம் ஒன்றோடொன்று ஒட்டி ஒரே அலகாக இருக்கும். தொண்டைக்குள் இன்னும் ஒரு வரிசை, அரைப்பதற்கென்றே. பார் என்று நாங்கள் சொல்லும் பவளப்பாறையில் படர்ந்த பாசியைச் சுரண்டும்போது முருகைக்கல்லும் சேர்ந்து வரும். அதை அரைத்து, சத்தை எடுத்துக்கொண்டு, மிச்சத்தை மணலாகக் கழிக்கும். சங்கு குளிக்கப் போன சித்தப்பா சொல்வார்: “தண்ணிக்குள்ள அது கடிக்கிற சத்தம் கேக்கும்டா, பொரிகடலை மெல்லுற மாதிரி.” குடலைக் கீறினால் வெள்ளை மாவு வழியும். மாலத்தீவின் வக்காரு தீவை ஆராய்ந்தவர்கள், அங்கே பவளப்பாறையிலிருந்து புதிதாக உருவாகும் மணலில் 85 சதவீதத்துக்கு மேல் கிளிமீன்கள் தருவது என்று 2015-இல் எழுதினார்கள். படித்ததும் அப்பத்தாவின் அரிவாள்மனையும் அதில் ஒட்டியிருந்த அந்த மாவும்தான் கண்முன்னே வந்தன. ஒரு தீவையே அவள் கழுவி ஊற்றிக்கொண்டிருந்திருக்கிறாள்.

மீன் தின்ற பாரை நாங்களும் தின்றோம். எங்கள் பழைய வீட்டுச் சுவரில் காரை பெயர்ந்த இடத்தில் நட்சத்திரம் நட்சத்திரமாகத் தெரியும், அத்தனையும் முருகைக்கல். காளவாயில் வெந்த சுண்ணாம்பும் அதுவே. 1964 புயலில் சிதைந்த தனுஷ்கோடித் தேவாலயச் சுவரிலும் அதே கல்லைப் பார்க்கலாம். குடியிருக்க எடுத்த கல்லை நான் குறை சொல்ல மாட்டேன். வள்ளம் வள்ளமாக வெட்டி ஏற்றி விற்றதுதான் வயிற்றெரிச்சல். எங்கள் கரைக்கு எதிரே இருந்த பூவரசன்பட்டித் தீவு கடலுக்குள் போய்விட்டது. தூத்துக்குடிப் பக்கம் விலாங்குசல்லியும் அப்படித்தான். மன்னார் வளைகுடாவில் 21 தீவுகள் என்று இன்றும் சொல்லும் கணக்கில் இவை இரண்டும் சேர்த்தி. பவளத்தை வெட்டக்கூடாது என்று சட்டக் காவல் 2001-இல் வந்தது. அதற்குப் பிறகு 2010-லும் 2016-லும் கடல் சூடேறி, வெட்டுக்குத் தப்பிய பார் வெளுத்தது.

மஞ்சள் உடம்பில் நீலப் பட்டை போட்ட சின்ன மீன்களும் கூட்டில் விழும். ஐயா அவற்றை வேறு சாதி மீன் என்றே வைத்திருந்தார். விஞ்ஞானிகளும் கிளிமீன்கள் பலவற்றை இப்படித்தான் இரண்டு இனங்களாகப் பெயரிட்டு வைத்திருந்தார்கள். உண்மையில் மஞ்சள்தான் வளர்ந்து பச்சையாகிறது. பெட்டையாக இருந்த மீன் ஆணாக மாறும்போது உடையையும் மாற்றிக்கொள்கிறது. இது எனக்குத் தெரியவந்தபோது ஐயா இல்லை. கேட்டிருந்தால் பின்னலை நிறுத்திவிட்டு, இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்திருப்பார்.

இப்போது கிளிமீனுக்கும் விலை வந்துவிட்டது. பெரிய மீனுக்குத்தான் காசு. பெரியது என்றால் பச்சை. போன முறை ஊருக்குப் போனபோது ஏலத்தில் மஞ்சள் குஞ்சுகள்தான் கிடந்தன. பச்சை எங்கே என்று சித்தப்பாவிடம் கேட்டேன். “வியாபாரி முன்பணம் குடுத்துர்றான்ப்பா. கரை ஏறுனதும் நேரா பெட்டிக்குத்தான் போகுது” என்றார்.